பெயரும் காரணமும்

தேனி மாவட்டத்தில் வைகைப் பள்ளத்தாக்கைச் சேர்ந்த புலிமான்கோம்பை என்னும் சிற்றூரில், 2006ஆம் ஆண்டில், தொல்லியல் ஆராய்ச்சியாளர்கள் சில நடுகற்களைக் கண்டெடுத்தார்கள். கிறிஸ்து பிறப்பதற்கு முற்பட்டவை என்று அறிஞர்கள் கருதும் அக்கற்களில் ஒன்றின்மேல், தமிழ்ப் பிராமி எழுத்தில், அந்தவன் என்ற ஒரு மனிதனுடைய பெயரும், கூடலூர் என்ற ஊரின் பெயரும், ஆநிரை கவரும் ஆகோள் பூசலில் அவன் உயிர் துறந்தான் என்ற செய்தியும் வெட்டப்பட்டிருக்கின்றன. புலவர்கள் பாடிவைத்த பெருமன்னர்களில் ஒருவனல்லன் அவன். அவனுடைய கோட்டையும் கொடியும் எவை என்று நாம் அறியோம். ஆயினும் இரண்டாயிரம் ஆண்டுகளுக்குப் பிறகும், அந்தக் கல்லின் முன்னே போய் நிற்கிற எவனுக்கும், இங்கே நினைக்கப்படுகிறவன் இன்னான் என்பதும், அவன் இன்ன காரணத்தால் இறந்தான் என்பதும் ஐயமின்றித் தெரிந்துவிடுகின்றன.

போரில் வீழ்ந்தவனுக்குக் கல் எடுக்கும் கடமையைத் தொல்காப்பியம், தகுந்த கல்லைக் கண்டு தேர்வது முதல் அதை நட்டு வாழ்த்துவது வரை ஆறு துறைகளாக வகுத்துச் சொல்கிறது என்றால், அது நம் முன்னோர்களுக்குச் சடங்குகளின்மேல் இருந்த ஆசையினால் அன்று. தன்னை ஒத்த மனிதர்களுக்காகப் பிராணனைக் கொடுத்தவனிடம் மிஞ்சியிருப்போர் பட்ட கடன் அவ்வளவு எளிதில் தீர்ந்துவிடாது என்ற தெளிவினால்தான். அந்தக் கடனில் இரண்டு பங்குகள் உண்டு. ஒன்று, அவனுடைய பெயரை மறவாதிருப்பது. மற்றொன்று, அவனுடைய மரணத்தின் காரணத்தை மறைக்காதிருப்பது. காரணம் என்று இங்கே நான் சொல்வது யுத்தத்தின் பொதுவான நோக்கத்தை மாத்திரம் அன்று. இன்ன இடத்தில், இன்ன நாளில், இன்ன மனிதனிடம் அவ்வளவு பெரிய விலை ஏன் கேட்கப்பட்டது, அதை யார் கேட்டார்கள், கேட்காமலே இருந்திருக்கலாமா என்ற வினாக்களுக்கு உரிய நேர்மையான விடையையும் சேர்த்தே சொல்கிறேன். சென்ற நூற்றாண்டில் இந்தியச் சிப்பாய்கள் மிகக் கடுமையாகப் போரிட்ட சில களங்களை நினைத்துப் பார்க்கும்போது, இந்தக் கடனின் ஒரு பங்கைக் கொடுத்து மற்றொரு பங்கை நிறுத்திவைக்கும் வழக்கம் அரசுகளுக்கு எவ்வளவு இயல்பாக வந்துவிடுகிறது என்பது மனத்தை உறுத்துகிறது.

முதல் உலக யுத்தம் தொடங்கிய 1914ஆம் ஆண்டின் நவம்பரில், பாரசீக வளைகுடாவை அடுத்த எண்ணெய்க் கிணறுகளையும் குழாய்களையும் காப்பதற்கென்று இந்தியாவிலிருந்து அனுப்பப்பட்ட ஒரு சேனை, இப்போது ஈராக் என வழங்கும் மெஸபொடேமியாவின் தென் முனையில் கரையிறங்கியது. பஸ்ரா எளிதில் வசமாயிற்று. அந்த எளிமையே பின்னால் வந்த விபரீதத்துக்கு வித்தாயிற்று. டைக்ரிஸ் நதியின் வழியே வடக்கே போகப் போக, உணவையும் தோட்டாக்களையும் ஏற்றிவர நீராவிப் படகுகள் போதவில்லை. காயமுற்றவர்களைத் திருப்பி அனுப்ப ஆஸ்பத்திரிக் கப்பல்களும் இல்லை. ஆயினும் பாக்தாத் என்னும் பெரிய பெயர் தளபதிகளையும், இந்திய சர்க்காரையும், லண்டனிலிருந்த மந்திரிகளையும் இழுத்துக்கொண்டே போயிற்று.

1915 நவம்பர் 22ஆம் தேதி, பழைய பாரசீகத் தலைநகரமான டெஸிஃபோனின் மாபெரும் வளைவு இடிந்து நிற்கும் சமவெளியில், ஜெனரல் டவுன்ஷெண்டின் தலைமையிலிருந்த ஆறாவது பூனா டிவிஷன் துருக்கிப் படையை எதிர்த்துப் பொருதது. போரிட்டவர்களில் மூன்றில் ஒரு பங்குக்கு மேற்பட்டோர் மாண்டோ காயமுற்றோ வீழ்ந்தார்கள். எலும்பு முறிந்தவர்களும் குடல் சரிந்தவர்களும் கட்டை வண்டிகளில் குலுங்கிக் குலுங்கி ஆற்றங்கரையை அடைந்து, அங்கிருந்து படுக்கையும் மருந்தும் கூரையும் இல்லாத படகுத் தட்டுகளில் நெருக்கியடித்துக் கிடந்தவாறு நாள் கணக்கில் பயணம் செய்து பஸ்ராவுக்கு வந்து சேர்ந்தார்கள். அப்படகுகளில் ஒன்றைத் துறையில் எதிர்கொண்ட மேஜர் கார்ட்டர் என்ற மருத்துவ அதிகாரி, மலமும் சீழும் மண்டிய அந்தத் தட்டில் தாம் கண்டதைக் கண்டபடியே எழுதி மேலிடத்துக்குத் தெரிவித்தார். அதற்காக மேலதிகாரிகளின் மிரட்டலுக்கு ஆளானார். காயமுற்றவர்களின் நிலைமை திருப்திகரமாக இருக்கிறது என்ற தந்திதான் முதலில் மேலிடத்துக்குப் போயிருந்தது.

பின்வாங்கிய சேனை, டைக்ரிஸ் நதி வளைந்து மூன்று பக்கமும் சூழ்ந்து ஓடுகிற கூட்-அல்-அமாரா என்ற ஊருக்குள் டிசம்பர் தொடக்கத்தில் வந்து தங்கியது. துருக்கியர் அதை வளைத்துக்கொண்டார்கள். 147 நாட்கள் அந்த முற்றுகை நீடித்தது. தானியம் குறையக் குறையக் குதிரைகளை அடித்து உணவாக்கினார்கள். சமய ஆசாரத்தின் நிமித்தம் அதைத் தொட மறுத்த இந்தியச் சிப்பாய்கள் அநேகர், காய்கறிகளையும் கண்ணால் காணாத நிலையில், ஸ்கர்வி நோய் பற்றி ஈறுகள் வீங்கி, துப்பாக்கியைத் தூக்குவதற்கும் வலுவற்றவர்களாய், அப்போதும் தத்தம் அகழிகளில் காவல் நின்றார்கள். ஆகாய விமானங்கள் மாவு மூட்டைகளைக் கொண்டுவந்து போட்டன; முற்றுகையில் சிக்கிய ஒரு படைக்கு ஆகாய மார்க்கமாக உணவு அளிக்க யுத்த சரித்திரத்தில் நடந்த முதல் முயற்சியாக அதைச் சொல்லுவார்கள். அந்தச் சிறிய விமானங்கள் சுமந்துவந்தது போதவும் இல்லை. மூட்டைகளிற் சில ஆற்றிலும் பகைவனுடைய அகழியிலும் வீழ்ந்தன.

கூட் நகரிலே அடைபட்டவர்களை மீட்கச் சென்ற படையின் கதை அதனினும் துயரமானது. ஷேக் ஸாத், ஹன்னா, துஜைலா, ஸன்னையாத் என்று ஒன்றன்பின் ஒன்றாக வந்த களங்களில், குளிர்கால மழையால் சேறாகிக் கிடந்த வெட்டவெளியில், மறைவுக்கு ஒரு மரம்கூட இல்லாத தட்டை நிலத்தில், இயந்திரத் துப்பாக்கிகளை நோக்கி மீண்டும் மீண்டும் ஏவப்பட்ட அந்தப் படையில் மாண்டவர்களும் காயமுற்றவர்களும் ஏறத்தாழ 23,000 பேர். உள்ளே இருந்தவர்களின் தொகையைவிட, அவர்களை மீட்கப் போய் வீழ்ந்தவர்களின் தொகை பெரிது. இவ்வளவுக்குப் பிறகும் 1916 ஏப்ரல் 29ஆம் தேதி கூட் சரணடைந்தது. சிப்பாய்களும், அவர்களுக்குச் சமைத்தவர்களும், தண்ணீர் சுமந்த பிஸ்திகளும், கோவேறு கழுதைகளை ஓட்டியவர்களுமாக ஏறத்தாழ 13,000 பேர் சிறைப்பட்டார்கள். ஜெனரல் டவுன்ஷெண்ட் கான்ஸ்டாண்டிநோபிளுக்கு அருகிலுள்ள தீவில் வசதியான வீட்டில் வைக்கப்பட்டார். அவருடைய சிப்பாய்கள் வெயிலில் பாலைவனத்தின் ஊடே நடத்திச் செல்லப்பட்டு, ரயில் பாதை போடும் வேலையிலும் வழிநெடுகிலும் ஆயிரக்கணக்கில் மடிந்தார்கள்.

இதற்குப் பின் நடந்ததை நாம் கவனிக்க வேண்டும். அதே ஆண்டு ஆகஸ்டில், யுத்தம் எந்தப் பக்கம் சாயும் என்று எவராலும் சொல்ல முடியாதிருந்த காலத்தில், பிரிட்டிஷ் பார்லிமெண்ட் ஒரு சட்டத்தின் மூலம் மெஸபொடேமியா விசாரணைக் கமிஷனை அமைத்தது. 1917 ஜூனில் கமிஷனின் அறிக்கை பகிரங்கமாக வெளியாயிற்று. படகுப் பற்றாக்குறையும், மருந்துப் பற்றாக்குறையும், மேஜர் கார்ட்டர் மிரட்டப்பட்டதும், பொறுப்பானவர்கள் யார் யார் என்பதும் அதில் இடம்பெற்றன. இந்தியா மந்திரியாக இருந்த ஆஸ்டன் சேம்பர்லேன் பதவியைத் துறந்தார். அறிக்கையின்மேல் நடந்த விவாதத்தில் இந்திய சர்க்காரின் அமைப்பையே கடுமையாகக் கண்டித்துப் பேசிய எட்வின் மாண்டேகு அந்த ஸ்தானத்துக்கு வந்து, ஆகஸ்டு மாதத்திலேயே, இந்தியாவில் பொறுப்பாட்சி படிப்படியாக ஏற்படும் என்ற பிரசித்தி பெற்ற அறிவிப்பைச் செய்தார். கூட்டில் பசித்திருந்து வீழ்ந்த சிப்பாய்களுக்கு அந்த அறிக்கை உயிர் கொடுக்கவில்லை. ஆனால் அவர்கள் எதனால் வீழ்ந்தார்கள் என்ற உண்மையை, பகைவன் எதிரே நின்றுகொண்டிருந்த வேளையிலேயே, ஓர் ஏகாதிபத்திய அரசு தன் பிரஜைகளின் முன் எடுத்துவைத்தது.

அந்த ஏகாதிபத்தியம் நிறுத்திவைத்தது கடனின் மற்றொரு பங்கை. மெஸபொடேமியாவில் மாண்டு, கல்லறையும் அறியப்படாதவர்களுக்காகப் பஸ்ராவில் எழுப்பப்பட்ட ஞாபகச் சின்னத்தில், பிரிட்டிஷ் சிப்பாய்களின் பெயர்கள் ஒவ்வொன்றாகப் பொறிக்கப்பட்டன; இந்தியர்களில் அதிகாரிகளுக்கு மாத்திரம் பெயர் கிடைத்தது. சாதாரண இந்தியச் சிப்பாய் தன் படைப்பிரிவின் பெயருக்குக் கீழே ஓர் எண்ணிக்கையாக மாறிப்போனான். காமன்வெல்த் யுத்தக் கல்லறை ஆணையமே 2021ஆம் ஆண்டில், முதல் உலக யுத்தத்தில் மாண்ட ஆசிய, ஆப்பிரிக்க வீரர்கள் பல்லாயிரவருக்குச் சமமான ஞாபகம் செய்யப்படவில்லை என்று ஒப்புக்கொண்டு மன்னிப்புக் கோரியது. காரணத்தை ஓராண்டு சொச்சத்தில் சொன்னவர்கள், பெயரின் விஷயத்தில் தவறு செய்ததை ஒப்புக்கொள்ள நூறாண்டு எடுத்துக்கொண்டார்கள்.

மெஸபொடேமியாவின் பாடம் வீண் போகவில்லை என்பதற்கு இரண்டாம் உலக யுத்தத்தில் ஒரு சாட்சி இருக்கிறது. 1944ஆம் ஆண்டு இம்பாலையும் கோஹிமாவையும் தாக்க ஜப்பானியர் எல்லை கடந்து வந்தபோது, எதிர்த்து நின்ற பதினான்காவது சேனையின் தளபதி வில்லியம் ஸ்லிம், தம்முடைய இளமையில் கல்லிப்போலியிலும் மெஸபொடேமியாவிலும் காயமுற்றவர். திட்டமில்லாத தளபதிகளுக்குச் சிப்பாய்கள் என்ன விலை கொடுக்கிறார்கள் என்பதைத் தம் உடம்பில் அறிந்தவர். இம்பாலுக்குச் செல்லும் சாலை துண்டிக்கப்பட்ட மாதங்களில், அங்கிருந்த ஏறத்தாழ ஒன்றரை லட்சம் பேருக்கு உணவும் தோட்டாவும் ஆகாய மார்க்கமாகவே வந்தன. காயமுற்றவர்கள் ஆயிரக்கணக்கில் விமானங்களில் திருப்பி அனுப்பப்பட்டார்கள். கூட்டில் வானத்திலிருந்து விழுந்த அந்தச் சில மூட்டைகளுக்கும் இதற்கும் இடையே 28 ஆண்டுகள்.

இதனால் சிப்பாயின் பாடு குறைந்துவிடவில்லை. கோஹிமா மலைமுகட்டில், ஏறத்தாழ 1,500 போர்வீரர்கள், தம்மைவிடப் பன்மடங்கு பெரிய ஒரு ஜப்பானிய டிவிஷனை, டெபுடி கமிஷனர் பங்களாவின் டென்னிஸ் மைதானத்துக்கு இந்தப் பக்கம் இவர்களும் அந்தப் பக்கம் அவர்களுமாகக் கையெறி குண்டுகளை வீசிக்கொள்ளும் நெருக்கத்தில், ஏப்ரல் மாதத்தின் இரண்டு வாரங்கள் தடுத்து நின்றார்கள். அந்த மலையிலுள்ள கல்லறைத் தோட்டத்தில், தகனம் செய்யப்பட்ட 917 இந்து, சீக்கிய வீரர்களுக்கும் ஒரு நினைவுச் சின்னம் இருக்கிறது.

மலைக்கு அந்தப் பக்கத்தில் இருந்தவனையும் நினைக்காவிட்டால் இந்தச் சரித்திரம் முழுமையாகாது. ஜப்பானியத் தளபதி முடகுச்சி, சுமார் மூன்று வாரத்துக்கு உணவைச் சுமந்து போனால் போதும், மிச்சத்தை எதிரியின் கிடங்குகளிலிருந்து எடுத்துக்கொள்ளலாம் என்று கணக்கிட்டுத் தம் வீரர்களை மலைகளின்மேல் அனுப்பினார். கிடங்குகள் கிட்டவில்லை, உணவுக்கென்று ஓட்டிவந்த மாடுகள் ஆற்றிலும் மலைச்சரிவிலும் மாண்டன, மழைக்காலம் வந்தது. கோஹிமாவில் இருந்த டிவிஷனின் தலைவர் ஸாட்டோ, உணவு அனுப்பாத மேலிடத்தின் கட்டளையை மீறித் தம் வீரர்களைத் திருப்பி அழைத்துப் போனார். அதற்காகப் பதவி இழந்தார். பகிரங்கமான ராணுவ விசாரணையில் அவர் உண்மையைப் பேச இடங்கொடாமல், அவருடைய சித்தம் சரியில்லை என்று சொல்லி விஷயத்தை மூடிவிட்டார்கள். அப்படையெடுப்பில் மாண்ட ஜப்பானியர் ஏறத்தாழ 30,000 பேர்; குண்டுபட்டு இறந்தவர்களைவிடப் பசியாலும் பிணியாலும் இறந்தவர்களே மிகுதி. உயிர் தப்பியவர்கள் தாங்கள் திரும்பி நடந்த பாதைக்கு எலும்புப் பாதை என்று பெயரிட்டார்கள். அதே மலைகளில் அதே பசியோடும் மலேரியாவோடும் இந்திய தேசிய ராணுவத்தினரும் போரிட்டார்கள். மலாயாவின் ரப்பர்த் தோட்டங்களில் பால் வெட்டிக்கொண்டிருந்த நம் தமிழர்கள் அந்த ராணுவத்தில் திரளாகச் சேர்ந்தவர்கள் என்பதை நாம் மறக்கலாகாது. வீரத்தில் எந்தப் பக்கத்துச் சிப்பாயும் குறைந்தவன் அல்லன். ஒரு பக்கத்து வீரத்துக்குப் பின்னால் பொறுப்புள்ள ஏற்பாடு இருந்தது. மற்றொரு பக்கத்து வீரமே, இல்லாத ஏற்பாட்டின் இடத்தை நிரப்பும்படி கேட்கப்பட்டது.

சுதந்திரம் பெற்றபின் நம்முடைய அரசும் நம்முடைய சிப்பாய்களிடம் அப்படிக் கேட்டது. சீனாவோடு நடந்த போரில், 1962 அக்டோபர் 20ஆம் தேதி, வடகிழக்கு எல்லையில் நாம்கா சூ என்ற ஓடையின் கரையில், எதிரி மேலேயும் தாம் கீழேயும் இருக்கும்படி நிறுத்தப்பட்டிருந்த ஏழாவது பிரிகேட், கோடைக்கால உடையோடும் அளந்து கொடுத்த தோட்டாக்களோடும் போரிட்டு, சில மணி நேரத்தில் சிதைந்துபோயிற்று. அதன் தலைவர் பிரிகேடியர் தால்வி சிறைப்பட்டார். ஒரு மாதத்துக்குள் தவாங்கும், ஸே லாவும், போம்டி லாவும் போயின.

மேற்கே லடாக்கில், சூஷுல் விமானத் தளத்தைக் காக்கும் பொறுப்பில், 16,000 அடிக்கு மேற்பட்ட ரேஸாங் லா என்ற கணவாயில், பதின்மூன்றாவது குமாவூன் பட்டாளத்தின் சார்லி கம்பெனி நின்றது. ஏறத்தாழ 120 பேர். பெரும்பாலோர் இப்போதைய ஹரியானாவின் சமவெளிக் கிராமங்களைச் சேர்ந்த அஹிர்கள். பனியை அதற்குமுன் பார்த்தறியாதவர்கள். அவர்கள் கையில் ஒவ்வொரு குண்டாக ஏற்றிச் சுடும் பழைய .303 ரைபிள். இடையில் ஒரு மலைமுகடு மறித்து நின்றமையால், பின்னாலிருந்த நம்முடைய பீரங்கிகள் அவர்களுக்காக ஒரு குண்டுகூடப் போட முடியாது. அந்த இடத்தைத் தேர்ந்தபோதே இது தெரியும். நவம்பர் 18ஆம் தேதி விடியுமுன், உறைபனிக் குளிரில், சீனப் படை அலையலையாக வந்தது. மேஜர் ஷைத்தான் சிங் ஒரு நிலையிலிருந்து மற்றொரு நிலைக்கு ஓடி ஓடித் தம் வீரர்களைத் திடப்படுத்தினார். பலத்த காயமுற்றபோது, தம்மைத் தூக்கிச் செல்ல முயன்றவர்களை, என்னை விட்டுவிட்டுப் போங்கள் என்று பணித்துவிட்டு, ஒரு பாறையின் மறைவில் அமர்ந்துகொண்டார். பிழைத்தவர்கள் சொற்பம், இறந்தவர்கள் 110 பேருக்கு மேல்.

போர் ஓய்ந்து, 1963 பிப்ரவரியில் தேடிச் சென்றவர்கள் அந்தக் கம்பெனியை அதன் நிலைகளிலேயே கண்டார்கள். துப்பாக்கியைப் பிடித்த கை பிடித்தபடி, மார்ட்டர் குண்டை ஏந்திய கை ஏந்தியபடி, காயத்துக்குக் கட்டுப்போடும் ஊழியனின் விரல்களில் ஊசியும் துணிச்சுருளும் இருந்தபடி, பனி அவர்களை மூன்று மாதம் அப்படியே வைத்திருந்தது. மேஜர் ஷைத்தான் சிங் அந்தப் பாறையின் அருகிலேயே இருந்தார். அவருக்குப் பரம வீர சக்கரம் அளிக்கப்பட்டது. மற்றவர்களுடைய உடல்கள் சூஷுலில் ராணுவ மரியாதையுடன் தகனம் செய்யப்பட்டன. அங்கே அவர்கள் பெயரைத் தாங்கிய நினைவுச் சின்னம் எழுந்து, 2021ஆம் ஆண்டில் விரிவாகப் புதுப்பிக்கப்பட்டும் இருக்கிறது. தலைநகரில் 2019ஆம் ஆண்டு திறக்கப்பட்ட தேசிய யுத்த நினைவகத்தில், சுதந்திர இந்தியாவுக்காக உயிர் கொடுத்த 25,000க்கு மேற்பட்டவர்களின் பெயர்கள் கருங்கல்லில் செதுக்கப்பட்டிருக்கின்றன. பஸ்ராவில் அந்நிய அரசு செய்யாததை நம் அரசு செய்திருக்கிறது. அதற்கு நாம் நன்றி பாராட்ட வேண்டும்.

ஆனால் காரணம்? 1962ஆம் ஆண்டின் தோல்வியை ஆராய லெப்டினண்ட் ஜெனரல் ஹெண்டர்ஸன் புரூக்ஸும், இரண்டாம் உலக யுத்தத்தில் விக்டோரியா சிலுவை பெற்ற பிரிகேடியர் பகத்தும் நியமிக்கப்பட்டார்கள். அவர்கள் 1963ஆம் ஆண்டிலேயே தங்கள் அறிக்கையைச் சமர்ப்பித்தார்கள். அவ்வாண்டு செப்டம்பரில் பாதுகாப்பு மந்திரி சவாண் பார்லிமெண்டில் அதன் சாரத்தைப் பற்றி ஓர் அறிவிப்பு மாத்திரம் செய்தார். அதற்குப் பின் எத்தனையோ மந்திரிசபைகள் மாறின. எதிர்க்கட்சி வரிசையில் இருக்கும்போது வெளியிடு என்று கேட்டவர்கள், ஆளும் வரிசைக்கு வந்தபின் வெளியிடலாகாது என்றார்கள். அறிக்கை இன்றளவும் அதிகாரபூர்வமாக வெளிவரவில்லை. நெவில் மாக்ஸ்வெல் என்ற அந்நியப் பத்திரிகையாளர் தம் கையிலிருந்த பெரும் பகுதியை 2014ஆம் ஆண்டில் இணையத்தில் வெளியிட்டுவிட்டார். ஆகவே, எந்தச் சீனாவுக்குத் தெரியக்கூடாது என்று அதைப் பூட்டிவைத்தோமோ அந்தச் சீனா அதை நிதானமாகப் படித்துக்கொள்ளலாம். ரேஸாங் லாவில் தன் பாட்டனைப் பறிகொடுத்த கிராமத்துப் பேரனுக்கு மாத்திரம் அவனுடைய அரசு அதைத் தன் கையால் கொடுக்க மறுக்கிறது.

வேறு விதமாகவும் செய்ய முடியும் என்பதற்கு நம் நாட்டிலேயே முன்மாதிரி உண்டு. அதைச் சொல்லும்போது திருச்சிராப்பள்ளியைப் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியாது. 1999ஆம் ஆண்டு கோடையில், குளிர்காலத்தில் காவலின்றி விடப்பட்ட கார்கில் சிகரங்களில் பாகிஸ்தான் படையினர் வந்து அமர்ந்துகொண்டிருப்பது தெரியவந்தபோது, அவர்கள் எத்தனை பேர், எங்கே இருக்கிறார்கள் என்பதுகூடச் சரியாகத் தெரியாத நிலையில், நம் வீரர்கள் செங்குத்தான பாறைகளில் இரவோடு இரவாக ஏறவேண்டியிருந்தது. எதிரியின் பீரங்கி எங்கிருந்து சுடுகிறது என்று காட்டும் ரேடார் நம்மிடம் இல்லை. உயரமலைக் குளிருக்கு ஏற்ற உடையும் கருவியும் எல்லோருக்கும் இல்லை. தோலோலிங் சிகரத்தை மீட்கவே பல வாரங்கள் ஆயின. மே 29ஆம் தேதி, படாலிக் பகுதியில், முதல் பிஹார் பட்டாளத்தின் மேஜர் சரவணன், எதிரியின் பதுங்கு குழிவரை ஏறிச் சென்று போரிட்டு வீழ்ந்தார். அவர் திருச்சியின் பிள்ளை, வயது 26. எதிரியின் துப்பாக்கிகள் அந்தச் சரிவை ஆண்டுகொண்டிருந்தமையால், ஒரு மாதத்துக்கு மேல் அவருடைய உடலைக்கூட எடுக்க இயலவில்லை. வீர சக்கரம் பெற்ற அவருக்குத் திருச்சியில் நினைவுச் சின்னம் இருக்கிறது. கார்கிலில் மாண்டவர்கள் 527 பேர். திராஸில் உள்ள நினைவகத்துச் சுவரில் அவர்களுடைய பெயர்கள் இருக்கின்றன.

யுத்தம் முடிந்த ஜூலை மாதத்திலேயே, இந்த நிலைமை எப்படி ஏற்பட்டது என்று ஆராய ஒரு குழு அமைக்கப்பட்டது. அதன் தலைவரான கே. சுப்பிரமணியம் அதே திருச்சிராப்பள்ளியில் பிறந்தவர். சென்னை ராஜதானிக் கல்லூரியில் படித்து, தமிழ்நாட்டிலிருந்து ஆட்சிப் பணிக்குச் சென்றவர். நாட்டின் பாதுகாப்பைப் பற்றி அரை நூற்றாண்டு சிந்தித்தவர். டிசம்பரில் அறிக்கை முடிந்தது. 2000 பிப்ரவரியில் பார்லிமெண்டின் முன் வைக்கப்பட்டது. புத்தகமாகக் கடையில் விற்பனைக்கும் வந்தது. பாதுகாப்பை முன்னிட்டுச் சில பகுதிகளை நீக்கியிருந்தார்கள் என்பது உண்மை. ஆயினும் ஒற்றுச் செய்திகள் சேர்ந்த இடத்தில் பகுத்தறியப்படாமல் கிடந்ததும், இலாகாக்கள் ஒன்றோடொன்று பேசிக்கொள்ளாததும், மேலிருந்து கண்காணிக்கும் கருவிகள் இல்லாததும் மறைவின்றிச் சொல்லப்பட்டன. அந்த அறிக்கையைத் தொடர்ந்தே ராணுவ உளவுக்கென்று தனி ஸ்தாபனம் 2002ஆம் ஆண்டில் உண்டாயிற்று. அதன் தொடர்ச்சியாகச் சிபாரிசு செய்யப்பட்ட முப்படைத் தலைமை அதிகாரிப் பதவி, மிகத் தாமதித்தேனும், 2020ஆம் ஆண்டின் முதல் நாளில் நிறைவேறிற்று. ஓர் ஊரின் ஒரு மகன் மலைமேல் உயிரைக் கொடுத்தான். அதே ஊரின் மற்றொரு மகன் அந்த உயிர் கேட்கப்பட்டதற்குக் காரணம் எழுதினார். இறந்தவனுக்கு நாடு செலுத்த வேண்டிய கடனின் இரண்டு பங்குகளும் ஒருங்கே செலுத்தப்பட்டதை நான் அங்கேதான் காண்கிறேன்.

இதற்கு மறுப்பு இல்லாமல் இல்லை. தோல்வியின் காரணங்களைத் தோண்டியெடுத்தால் சைன்யத்தின் மனவுறுதி குலையும் என்பார்கள். குலைந்ததாக அனுபவம் சொல்லவில்லை. மெஸபொடேமியா அறிக்கை வெளிவந்த காலத்தில் அதே நதிக்கரையில் அதே இந்தியச் சேனை போரிட்டுக்கொண்டுதான் இருந்தது. கார்கில் அறிக்கையைப் படித்துவிட்டு எந்த இளைஞனும் பட்டாளத்தில் சேராமல் நின்றுவிடவில்லை. சிப்பாய்க்குத் தன் கையிலிருந்த ரைபிள் எப்படிப்பட்டது, தன் உடம்பிலிருந்த சட்டை எப்படிப்பட்டது என்பதெல்லாம் நமக்கு முன்பே தெரியும். அவனுக்குத் தெரிந்ததை அவனுடைய நாட்டார் ஒப்புக்கொள்கிறார்கள் என்பது அவனுக்கு ஆறுதலே தவிர அவமானம் அன்று. நான்கைந்து தோழர்களோடு ரேஸாங் லாவிலிருந்து உயிர் தப்பி வந்தவன் சொன்னதை முதலில் எவரும் நம்பவில்லை என்ற செய்தியைக் கேட்கிறபோது, உண்மையைச் சொல்ல மறுப்பதே மனவுறுதியைக் குலைக்கும் காரியம் என்று எனக்குத் தோன்றுகிறது.

வடக்கு எல்லைத் தகராறு இன்னும் தீரவில்லையே, 2020 ஜூனில் கால்வான் பள்ளத்தாக்கில் நம் வீரர்கள் 20 பேர் மாண்டார்களே, இந்த நிலையில் பழைய அறிக்கையை வெளியிடலாமா என்று மற்றொரு சாரார் கேட்பார்கள். இந்தக் கேள்வியை நான் அலட்சியம் செய்யவில்லை. எல்லைக் காவலின் இன்றைய ரகசியங்களைப் பாதிக்கிற வரிகள் அதில் இருக்குமானால், கார்கில் அறிக்கையில் செய்ததுபோல் அந்த வரிகளை நீக்கிக்கொள்ளட்டும். ஆனால் கோடைச் சட்டையோடு சிப்பாயைப் பனிமலைக்கு அனுப்பியது யாருடைய முடிவு என்பது இன்றைய ராணுவ ரகசியம் ஆகாது. அது அக்காலத்தில் பதவியில் இருந்து, இப்போது இறந்துபோனவர்களுடைய புகழுக்கு ஒருவேளை இழுக்குத் தரலாம், அவ்வளவே. பதவியில் இருந்தவர்களின் புகழைக் காப்பதற்கும் பதவியற்ற சிப்பாயின் கடனைத் தீர்ப்பதற்கும் இடையே ஒன்றைத் தேர்ந்துகொள்ள வேண்டி வந்தால், குடியரசு எந்தப் பக்கம் நிற்கவேண்டும் என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை. கால்வானில் வீழ்ந்தவர்களின் குடும்பத்தாருக்கும் நாளைக்கு இந்தக் கேள்வி எழும். முன்னவர்களுக்கு விடை சொன்ன அரசுதான் பின்னவர்களுக்கும் சொல்லும் என்று அவர்கள் நம்புவார்கள்.

ஆண்டுதோறும் கார்கில் வெற்றி நாளில் நாம் மலர் வைக்கிறோம். பள்ளிப் பிள்ளைகளை வரிசையில் நிறுத்தி மௌனம் காக்கச் செய்கிறோம். அந்த மௌனம் அழகியது. அதற்குப் பிறகு அந்தப் பிள்ளைகளில் ஒருவன் வாய் திறந்து, அவர்கள் ஏன் ஐயா இத்தனை பேர் இறந்தார்கள் என்று கேட்டால், வீரத்தினால் என்று மட்டும் சொல்லி முடித்துவிடாமல், வீரத்தினாலும், நம்முடைய இன்னின்ன குறைகளினாலும் என்று விடை சொல்லுகிற மனத்திண்மை ஆசிரியருக்கும், தகப்பனுக்கும், பத்திரிகைக்காரனுக்கும் வேண்டும். மத்திய சர்க்காருக்கு அதனினும் அதிகமாக வேண்டும்.

ரேஸாங் லாவின் பனி, தான் மூடிவைத்திருந்த மனிதர்களை மூன்று மாதத்தில் திருப்பிக் கொடுத்துவிட்டது. அவர்கள் அங்கே கிடந்ததற்குக் காரணம் சொல்லும் அறிக்கை அதே 1963ஆம் ஆண்டில் எழுதப்பட்டும், அறுபது ஆண்டுகளுக்கு மேலாகப் பூட்டிய அலமாரியில் இருக்கிறது. அதை வெளியிடும்படி மத்திய சர்க்காரை நான் கேட்டுக்கொள்கிறேன். தங்கள் தொகுதியின் பார்லிமெண்டு உறுப்பினரை அடுத்த முறை சந்திக்கும் வாசகர்களும் இந்த ஒன்றைக் கேட்க வேண்டும் என்று வேண்டிக்கொள்கிறேன்.